நகரங்களின் குற்றக் கணக்கு: யாருடைய புகார் ஏட்டில் ஏறுகிறது?

புது தில்லி: தலைநகரை அடுத்த நொய்டாவில் உள்ள நிதாரியில், ஒரு வீட்டின் பின்புறச் சாக்கடையிலிருந்து குழந்தைகளின் மண்டை ஓடுகளும் எலும்புகளும் 2006 டிசம்பர் 29-ம் தேதி வெளியே எடுக்கப்பட்டன. நாட்டையே உலுக்கிய அந்த வழக்கின் கடைசி அத்தியாயத்தை உச்ச நீதிமன்றம் 2025 நவம்பர் 11-ம் தேதி முடித்து வைத்தது. தண்டனை பெற்றிருந்த வீட்டுப் பணியாளர், எஞ்சியிருந்த ஒரே வழக்கிலிருந்தும் அன்று விடுவிக்கப்பட்டார். வீட்டு உரிமையாளர் அதற்கு முன்பே விடுதலையாகிவிட்டார். ஏறத்தாழ 19 ஆண்டுகளுக்குப் பிறகு, அந்தக் குழந்தைகளைக் கொன்றது யார் என்ற கேள்விக்குச் சட்டத்தின் ஏட்டில் விடை இல்லை.

ஆனால், பொதுமக்களின் மனதில் விடை எப்போதோ எழுதப்பட்டுவிட்டது. தொலைக்காட்சிகள் அதைத் தந்தன. ஆவணப் படங்களும் திரைப்படமும் அதை உறுதி செய்தன. நகரத்தில் நடக்கும் குற்றங்களைப் பெரும்பாலோர் நேரில் காண்பதில்லை. அரசின் புள்ளிவிவரம், ஆய்வாளர்களின் அறிக்கை, எழுத்தாளர்களின் நூல், திரைப்படம் ஆகியவற்றின் வழியாகவே அவற்றை அறிகிறோம். இவற்றில் எதை எந்த அளவுக்கு நம்பலாம் என்பதை ஆராய நிதாரியைவிடப் பொருத்தமான வழக்கு வேறில்லை.

நிலையத்தில் திருப்பி அனுப்பப்பட்டவர்கள்

நிதாரியில் காணாமல் போனவர்களில் பெரும்பாலோர், பிழைப்பு தேடி வெளி மாநிலங்களிலிருந்தும் உத்தரப் பிரதேசத்தின் பிற மாவட்டங்களிலிருந்தும் வந்த ஏழைத் தொழிலாளர்களின் பிள்ளைகள். வீட்டு வேலை செய்வோர், துணி தேய்த்துக் கொடுப்போர், கூலித் தொழிலாளர்கள் ஆகியோரே பெற்றோர். 2005, 2006-ம் ஆண்டுகளில் குழந்தைகள் ஒருவர் பின் ஒருவராக மறைந்தபோது, காவல் நிலையத்துக்குச் சென்ற பெற்றோர் பலர் திருப்பி அனுப்பப்பட்டனர். பிள்ளை எங்காவது ஓடிப் போயிருக்கும், தானே திரும்பி வரும் என்பதே அவர்களில் பலருக்குக் கிடைத்த பதில். புகார்கள் உரிய காலத்தில் பதிவாகி, ஒரே வட்டாரத்தில் இத்தனை குழந்தைகள் மறைவதை யாரேனும் ஓர் அதிகாரி வரிசைப்படுத்திப் பார்த்திருந்தால், பல உயிர்கள் தப்பியிருக்கக்கூடும்.

எலும்புகள் கிடைத்த பிறகு எல்லாம் வேகமாக நடந்தன. 2007 ஜனவரியில் விசாரணை சி.பி.ஐ. வசம் சென்றது. 2009-ல் முதல் மரண தண்டனை விதிக்கப்பட்டது. 2011-ல் உச்ச நீதிமன்றமும் பணியாளரின் மரண தண்டனையை உறுதி செய்தது. கருணை மனு மீது முடிவெடுப்பதில் ஏற்பட்ட தாமதத்தைக் காரணம் காட்டி, 2015-ல் அலாகாபாத் உயர் நீதிமன்றம் அதை ஆயுள் தண்டனையாகக் குறைத்தது. பின்னர், 2023 அக்டோபரில், மற்ற 12 வழக்குகளிலிருந்து பணியாளரையும் இரு வழக்குகளிலிருந்து உரிமையாளரையும் அதே உயர் நீதிமன்றம் விடுவித்தது. சுமார் 60 நாள் போலீஸ் காவலுக்குப் பிறகு பெறப்பட்ட ஒப்புதல் வாக்குமூலத்தை நம்ப இயலாது என்றும், பொருள்களைக் கைப்பற்றிய விதம் சட்டப்படி மெய்ப்பிக்கப்படவில்லை என்றும் அது கூறியது. உடல் உறுப்பு வணிகம் குறித்தும் விசாரிக்க வேண்டும் என்று மத்திய அரசின் குழு ஒன்று சொல்லியிருந்தும், புலனாய்வு அந்தத் திசையில் செல்லவில்லை என்பதையும் சுட்டிக்காட்டியது. சி.பி.ஐ.யும் குழந்தைகளின் குடும்பத்தாரும் செய்த மேல்முறையீடுகளை 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது.

தொடக்கத்தில் புகார் பதிவாகவில்லை. பிறகு பதிவான வழக்கு முறையாகப் புலனாய்வு செய்யப்படவில்லை. இந்த இரு தவறுகளுக்கும் இடையில்தான் நகரக் குற்றம் பற்றிய நம்முடைய அறிவு முழுவதும் சிக்கிக் கிடக்கிறது.

எண்ணிக்கை உயர்ந்தால் குற்றம் உயர்ந்ததா?

நாட்டின் குற்றப் புள்ளிவிவரங்களை மத்திய உள்துறை அமைச்சகத்தின் கீழுள்ள தேசிய குற்ற ஆவணக் காப்பகம் ஆண்டுதோறும் வெளியிடுகிறது. 20 லட்சத்துக்கு மேல் மக்கள்தொகை கொண்ட 19 பெருநகரங்களுக்குத் தனி அட்டவணைகள் உண்டு. அறிக்கை வெளியான மறுநாள், "பாதுகாப்பான நகரம்", "குற்றத் தலைநகரம்" என்ற பட்டங்கள் நாளிதழ்களில் இடம்பெறுவது வழக்கம்.

2023-ம் ஆண்டுக்கான அறிக்கையின்படி, ஒரு லட்சம் பேருக்கு இந்திய தண்டனைச் சட்டத்தின் கீழ் பதிவான வழக்குகள் கொச்சியில் 3,100-க்கும் மேல். தில்லியில் சுமார் 2,100. கொல்கத்தாவில் 84-ஐ ஒட்டி. இதை அப்படியே ஏற்றுக்கொண்டால், கொல்கத்தாவைவிட கொச்சி 35 மடங்குக்கும் மேல் ஆபத்தான நகரம் என்றாகிவிடும். கொச்சியில் வசிப்பவர்களோ, கொல்கத்தாவில் வசிப்பவர்களோ அப்படி எண்ணமாட்டார்கள். அலட்சியமாக வாகனம் ஓட்டுவது உள்ளிட்ட சிறு குற்றங்களுக்கும் கேரள போலீஸார் தவறாமல் வழக்குப் பதிவு செய்கின்றனர் என்பது இதற்குப் பரவலாகத் தரப்படும் விளக்கம். அதாவது, அந்த அட்டவணை குற்றவாளிகளின் சுறுசுறுப்பைவிடப் போலீஸாரின் சுறுசுறுப்பையே அதிகம் அளக்கிறது.

தில்லியின் கணக்கு இதை இன்னும் தெளிவாகக் காட்டும். 2013-ல் தலைநகரில் பதிவான தண்டனைச் சட்ட வழக்குகள் சுமார் 80 ஆயிரம். 2015-ல் அந்த எண்ணிக்கை 1 லட்சத்து 90 ஆயிரத்தைத் தாண்டியது. இரண்டே ஆண்டுகளில் தில்லிவாசிகள் இரு மடங்குக்கும் மேல் குற்றம் புரியத் தொடங்கிவிடவில்லை. பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் பற்றிய தகவல் கிடைத்தால் முதல் தகவல் அறிக்கை பதிவு செய்தே தீர வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 2013 நவம்பரில் தீர்ப்பளித்தது. தில்லி போலீஸாரும் தயக்கமின்றி வழக்குப் பதியும் கொள்கையைக் கடைப்பிடித்தனர். 2015-ல் வாகனத் திருட்டுக்கு இணையவழிப் புகார் முறை வந்தது. காப்பீட்டுத் தொகைக்காகக் காவல் நிலையத்தில் கெஞ்ச வேண்டிய நிலை மாறியது. எண்ணிக்கை உயர்ந்ததற்கு இவையே முக்கியக் காரணங்கள்.

பாலியல் வன்கொடுமை வழக்குகளிலும் இதே நிலைதான். தில்லியில் 2012-ல் 706-ஆக இருந்த இவ்வழக்குகள் 2013-ல் 1,636 ஆயின. இடைப்பட்டது 2012 டிசம்பர் 16-ம் தேதி ஓடும் பேருந்தில் நடந்த கொடுமையும் அதைத் தொடர்ந்த போராட்டமும் சட்டத் திருத்தமும். அதுவரை வாய்மூடி இருந்தவர்கள் புகார் அளிக்க முன்வந்தனர். நிலையங்களும் அவர்களைத் திருப்பி அனுப்ப அஞ்சின. உயர்ந்த எண்ணிக்கை ஒரு வகையில் நல்ல செய்தி. ஆனால், அது தலைநகரின் இழிவுக்குச் சான்றாகவே உலகெங்கும் எடுத்துக் காட்டப்பட்டது.

நிதாரிக்கும் இந்த அட்டவணைகளுக்கும் நேரடித் தொடர்பு உண்டு. அந்தக் கொடுமைக்குப் பின் தேசிய மனித உரிமை ஆணையம் காணாமல் போகும் குழந்தைகள் குறித்து ஆராயக் குழு அமைத்தது. குழந்தை காணவில்லை என்ற ஒவ்வொரு புகாரையும் கடத்தலாகவே கருதி வழக்குப் பதிய வேண்டும் என்று 2013 மே மாதம் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அதன் பிறகு கடத்தல் வழக்குகளின் எண்ணிக்கை ஏறியது இயல்பு. பெருநகரங்களின் கடத்தல் பட்டியலில் தில்லி ஆண்டுதோறும் முன்னணியில் நிற்பதற்கு இந்த உத்தரவும் ஒரு காரணம். நிதாரியின் பெற்றோருக்கு 2005-ல் மறுக்கப்பட்ட ஒரு தாள், இன்று தில்லியின் "அவப்பெயராக" அட்டவணையில் நிற்கிறது!

இன்னும் இரு குறைகளையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். ஒரே நிகழ்வில் கொள்ளையும் கொலையும் நடந்தால், கூடுதல் தண்டனைக்குரிய குற்றம் மட்டுமே காப்பகத்தின் கணக்கில் சேரும், மற்றது மறைந்துவிடும். அடுத்தது, பெருநகரங்களின் குற்ற விகிதம் 2011 மக்கள்தொகையைக் கொண்டே கணக்கிடப்படுகிறது. 2021-ல் நடந்திருக்க வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போனதால், வகுக்கும் எண்ணே பழையதாகிவிட்டது. வேகமாக வளர்ந்த நகரங்களின் குற்ற விகிதம் இதனால் உண்மையைவிட அதிகமாகத் தெரியும்.

போலீஸ் பதிவுகள் உயர்வதைக் குற்றம் உயர்வதாகக் கொள்ளக் கூடாது என்று காப்பகமே தன் அறிக்கைகளில் எச்சரிக்கிறது. அரசியல்வாதிகள் அந்தப் பக்கத்தைப் படிப்பதில்லை. கொல்கத்தாவே பாதுகாப்பான நகரம் என்று திரிணமூல் காங்கிரஸ் ஆண்டுதோறும் பெருமை பேசிவந்தது. 2024 ஆகஸ்டில் அந்நகரின் அரசு மருத்துவமனை ஒன்றில் பயிற்சி மருத்துவர் கொல்லப்பட்டபோது, முதல் தகவல் அறிக்கை பதிவதில் ஏன் இத்தனை தாமதம் என்று உச்ச நீதிமன்றம் கேட்டது. தில்லியிலோ, போலீஸார் மத்திய உள்துறையின் கட்டுப்பாட்டில் இருப்பதால், ஆம் ஆத்மி ஆட்சிக் காலத்தில் ஒவ்வோர் அறிக்கையும் மத்திய அரசைச் சாடும் ஆயுதமாயிற்று. ஆள்வோருக்குக் குறைந்த எண்ணிக்கையும் எதிர்ப்போருக்குக் கூடிய எண்ணிக்கையும் தேவைப்படுகின்றன. புகார் கொடுக்க வருபவரை வரவேற்கும் காவல் அதிகாரிக்கு இதில் எந்தப் பரிசும் இல்லை. எண்ணிக்கை கூடியதற்கு விளக்கம் சொல்ல வேண்டிய சுமைதான் மிச்சம்.

வீடு வீடாகக் கேட்டபோது

போலீஸ் ஏட்டை விடுத்து மக்களையே கேட்டால் என்ன? அமெரிக்காவில் 1973 முதலும் பிரிட்டனில் 1982 முதலும், உங்களுக்கு என்ன குற்றம் நேர்ந்தது என்று குடும்பங்களைக் கேட்டுத் தொகுக்கும் அதிகாரபூர்வ ஆய்வு நடந்துவருகிறது. இந்தியாவில் அரசு இவ்வாறு தேசிய அளவில் தொடர்ந்து நடத்தும் ஆய்வு கிடையாது. தன்னார்வ அமைப்புகளே அவ்வப்போது முயன்றுள்ளன.

காமன்வெல்த் மனித உரிமைகள் அமைப்பு தில்லியிலும் மும்பையிலும் நடத்திய ஆய்வின் முடிவுகள் 2015-ல் வெளியாயின. பாலியல் சீண்டலுக்கு உள்ளானவர்களில் தில்லியில் 13 பேரில் ஒருவரும், மும்பையில் 9 பேரில் ஒருவரும்தான் போலீஸிடம் சென்றனர் என்று அது கூறியது. ஐ.டி.எப்.சி. நிறுவனம் தில்லி, மும்பை, சென்னை, பெங்களூரு ஆகிய நான்கு நகரங்களில் சுமார் 20 ஆயிரம் குடும்பங்களிடம் நடத்திய ஆய்வை 2017-ல் வெளியிட்டது. குற்றத்துக்கு உள்ளானவர்களில் முதல் தகவல் அறிக்கை வரை சென்றவர்கள் பத்தில் ஒருவருக்கும் குறைவு என்பது அதன் முக்கிய முடிவு. போலீஸ் விசாரணை, நீதிமன்றம் என்று அலைய வேண்டியிருக்கும் என்ற அச்சமும், புகார் கொடுத்து என்ன பயன் என்ற சலிப்பும் இதற்குக் காரணங்கள்.

குற்றவியல் ஆய்வாளர்களிடம் ஒரு பொதுக் கருத்து உண்டு. திருட்டையும் சீண்டலையும் மறைக்கலாம். கொலையை மறைக்க முடியாது. எனவே நகரங்களை ஒப்பிடக் கொலை எண்ணிக்கையே நம்பத்தக்கது என்பார்கள். பெருமளவுக்கு இது சரி. ஆனால், நிதாரி அந்த நம்பிக்கையிலும் ஓட்டை போடுகிறது. சாக்கடையைத் தோண்டும் வரை, அங்கு மறைந்த குழந்தைகள் யாரும் கொலைப் பட்டியலில் இல்லை.

போலீஸ் ஏட்டுக்கும் வீட்டு ஆய்வுக்கும் அப்பால் மூன்றாவது வழியும் உண்டு. அது தீர்ப்புகளைப் படிப்பது. பத்திரிகையாளர் எஸ். ருக்மிணி 2014-ல் "தி இந்து" ஆங்கில நாளிதழுக்காக, தில்லி மாவட்ட நீதிமன்றங்கள் 2013-ல் பாலியல் வன்கொடுமை வழக்குகளில் வழங்கிய சுமார் 600 தீர்ப்புகளை ஒவ்வொன்றாகப் படித்தார். முழுமையாக விசாரிக்கப்பட்ட வழக்குகளில் 40 விழுக்காட்டுக்கும் சற்று அதிகமானவை, விரும்பி வீட்டை விட்டு வெளியேறிய இளம் காதலர்கள் மீது பெண்ணின் பெற்றோர் தொடுத்தவை எனத் தெரியவந்தது. முன்பின் அறியாதவர்கள் குற்றவாளிகளாக இருந்த வழக்குகள் மிகச் சில. ஏழைக் குடியிருப்புகளில் அண்டை வீட்டார், உறவினர் செய்த கொடுமைகள் அவற்றைவிடப் பல மடங்கு அதிகம்.

ஒரே எண்ணுக்குள் இத்தனை வேறுபட்ட வாழ்க்கைகள் அடங்கியிருக்கின்றன. இதை வைத்துப் புகார்கள் எல்லாம் பொய் என்று வாதிடுவோரும் உண்டு. அது தவறான முடிவு. ஆமதாபாத் விசாரணை நீதிமன்றத்தில் நீண்ட காலம் அமர்ந்து கவனித்த சமூகவியலாளர் பிரதீக்ஷா பாக்ஷி 2014-ல் வெளியிட்ட நூல், உண்மையான புகாரும் விசாரணையின் போக்கில் எவ்வாறு சமரசத்துக்குள்ளும் அச்சுறுத்தலுக்குள்ளும் தள்ளப்படுகிறது என்பதை விரிவாகக் காட்டுகிறது. பாதிக்கப்பட்டவர் பிறழ் சாட்சியாவதாலேயே குற்றம் நடக்கவில்லை என்றாகிவிடாது.

கதைகளில் வாழும் நகரம்

புள்ளிவிவரத்தைவிட ஆழமாக மனதில் பதிவது கதை. மும்பை என்றதும் நிழலுலகம் நினைவுக்கு வருவதற்குக் கதாசிரியர்களும் திரைப்படங்களுமே காரணம். தமிழ் வாசகர்களுக்கு இது நன்கு தெரிந்த உலகம். தமிழகத்திலிருந்து சென்று மும்பையில் கோலோச்சிய வரதராஜ முதலியாரின் வாழ்க்கையைத் தழுவி 1987-ல் "நாயகன்" வந்தது. ராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்த ஹாஜி மஸ்தானின் சாயலை 1975-ல் வெளிவந்த "தீவார்" படத்தில் பலர் கண்டனர்.

2000-க்குப் பிறகு ஆங்கிலத்தில் இவ்வகை எழுத்து பெருகியது. 1993 தொடர் குண்டுவெடிப்பு பற்றிய ஹுசைன் ஜைதியின் "பிளாக் பிரைடே" 2002-ல் வந்தது. சுகேது மேத்தாவின் "மேக்ஸிமம் சிட்டி" 2004-லும், விக்ரம் சந்திராவின் "சேக்ரட் கேம்ஸ்" நாவல் 2006-லும் வெளியாயின. இவை உழைப்பில் குறைந்தவை அல்ல. போலீஸ் அதிகாரிகளோடும் கூலிக் கொலையாளிகளோடும் நெடுநாள் பழகி எழுதப்பட்டவை. ஆனால், தாதா, அவனைத் துரத்தும் அதிகாரி என்ற இரு பாத்திரங்களைச் சுற்றியே நகரம் சுழல்வதாக ஒரு சித்திரம் நிலைத்துவிட்டது.

ஆய்வாளர்கள் காட்டும் மும்பை வேறு. 1982-ல் தொடங்கிய பஞ்சாலை வேலைநிறுத்தத்தில் சுமார் இரண்டரை லட்சம் தொழிலாளர்கள் ஈடுபட்டனர். அது தோற்று ஆலைகள் மூடப்பட்ட பின், கிரண்காவ் பகுதியின் வேலையற்ற இளைஞர்களிடையே கும்பல்கள் ஆள் பிடித்தன. அடுத்த கட்டமாக, பொருளாதாரத் தாராளமயத்துக்குப் பின் நிலத்தின் விலை விண்ணை முட்டியபோது, கடத்தல் கும்பல்கள் நில மேம்பாட்டுத் தொழிலுக்குள் நுழைந்ததை லிசா வைன்ஸ்டீன் 2008-ல் எழுதிய ஆய்வுக் கட்டுரை விளக்குகிறது. ஆலை நிலம் கைமாறியதும், குடிசைகள் அகற்றப்பட்டதும், அதிகாரிகளும் அரசியல்வாதிகளும் கண்ணை மூடிக்கொண்டதும் பரபரப்பான காட்சிகளாக அமைவதில்லை. எனவே அவை திரைக்கு வருவது அரிது.

கதை வெறும் பொழுதுபோக்காக நின்றுவிடுவதில்லை என்பதற்குப் போலி மோதல்களே சான்று. "என்கவுன்டர்" அதிகாரிகளைத் திரையுலகம் வீரர்களாகக் கொண்டாடிய காலத்தில், 2006 நவம்பரில் மும்பை போலீஸார் ஒருவரைச் சுட்டுக் கொன்று, மோதலில் இறந்ததாகக் கூறினர். இறந்தவரின் சகோதரர் வழக்கறிஞர். அவர் விடாமல் போராடினார். 2013-ல் போலீஸார் 13 பேர் உள்ளிட்டோருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. விசாரணை நீதிமன்றம் விடுவித்திருந்த புகழ்பெற்ற அதிகாரி ஒருவரையும் 2024 மார்ச்சில் மும்பை உயர் நீதிமன்றம் குற்றவாளி என அறிவித்தது. அவர் உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தார். சட்டம் தெரிந்த ஒரு சகோதரர் இல்லாதிருந்தால், அந்தச் சாவு இன்றும் மோதல் மரணம் என்றே ஏட்டில் இருந்திருக்கும்.

இரு வழக்குகள், இரு நினைவுகள்

நிதாரியிலிருந்து சில கிலோமீட்டர் தொலைவில், 2008 மே மாதம், பல் மருத்துவத் தம்பதியின் 13 வயது மகள் தன் படுக்கையறையில் கொல்லப்பட்டுக் கிடந்தாள். வீட்டுப் பணியாளர் காணவில்லை என்றதும் அவரே கொலையாளி என்று போலீஸார் முடிவு செய்து தேடத் தொடங்கினர். மறுநாள் அதே கட்டடத்தின் மொட்டை மாடியில் அவருடைய உடல் கிடந்தது! ஒரு நாள் முழுவதும் மாடிக் கதவைத் திறந்து பார்க்கக்கூடத் தோன்றாத அளவுக்கு அந்த முடிவு உறுதியாக இருந்தது.

அந்த வழக்கு பற்றி அவிரூக் சென் எழுதிய நூலும், "தல்வார்" என்ற திரைப்படமும் 2015-ல் வந்தன. புலனாய்வின் ஓட்டைகளை இரண்டும் வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தன. 2013-ல் தண்டிக்கப்பட்ட பெற்றோரை 2017-ல் அலாகாபாத் உயர் நீதிமன்றம் விடுவித்தது. மகளின் பெயரை நாடே அறியும். உடன் கொல்லப்பட்ட நேபாளத்துப் பணியாளரின் பெயரை எத்தனை பேர் நினைவில் வைத்திருக்கின்றனர்? விடுதலையை எதிர்த்து அவருடைய மனைவி உச்ச நீதிமன்றத்தை நாடியது சில வரிச் செய்தியாகவே கடந்து போனது.

நடுத்தர வர்க்க வீட்டில் நடந்த கொலை என்றால், வாசகர் தம்மையே அங்கு வைத்துப் பார்க்கிறார். எழுத்தாளரும் தயாரிப்பாளரும் அந்த வாசகரையே மனதில் கொள்கின்றனர். ஏழை வரும்போது சந்தேகத்துக்குரியவராகவோ, கூட்டத்தில் ஒருவராகவோ வருகிறார். 2008-ல் புக்கர் பரிசு பெற்ற அரவிந்த் அடிகாவின் "தி ஒயிட் டைகர்" நாவல், முதலாளியைக் கொல்லும் ஓட்டுநரின் குரலில் வர்க்க அநீதியைச் சாடியது. ஆனால், தலைநகரின் வசதி படைத்த வாசகர் பலருக்கு அது வேலைக்காரர்கள் மீதிருந்த பழைய அச்சத்தையே கூட்டியிருக்கும். வீட்டுப் பணியாளர்களின் விவரங்களைக் காவல் நிலையத்தில் பதிவு செய்ய வேண்டும் என்பது தில்லியில் நடைமுறை. பணி தரும் வீட்டாரைப் பற்றி விசாரிக்கப் பணியாளருக்கு அத்தகைய வசதி எதுவும் இல்லை.

தீர்ப்புக்கும் திரைக்கும் இடையே

"பிளாக் பிரைடே" நூலைத் தழுவி அனுராக் காஷ்யப் எடுத்த படம், குண்டுவெடிப்பு வழக்கின் தீர்ப்பு வரும் வரை வெளிவரக் கூடாது என்று 2005-ல் மும்பை உயர் நீதிமன்றம் தடுத்தது. குற்றம் சாட்டப்பட்டவர்களின் விசாரணை உரிமை பாதிக்கப்படும் என்பதே காரணம். படம் 2007-ல்தான் திரைக்கு வந்தது. படைப்புச் சுதந்திரத்தை நேசிப்போருக்கு அத்தடை உறுத்தலாக இருக்கலாம். ஆயினும் அதன் பின்னிருந்த கவலை நியாயமானது.

நிதாரியைத் தழுவிய "செக்டர் 36" இணையத் திரையில் 2024 செப்டம்பரில் வந்தது. அதில் வீட்டுப் பணியாளர் பாத்திரமே குழந்தைகளைக் கொல்கிறது. அந்தப் பாத்திரத்துக்கு அடிப்படையான மனிதரை 12 வழக்குகளிலிருந்து உயர் நீதிமன்றம் விடுவித்து அப்போது ஏறத்தாழ ஓராண்டு ஆகியிருந்தது. கற்பனை என்ற அறிவிப்பு படத்துக்குச் சட்டப் பாதுகாப்பு தரலாம். ஆனால், பார்வையாளரின் மனதில் பதியும் தீர்ப்பு திரையில் வந்ததுதான். கொன்றவன் யார் என்பது தெரிந்துவிட்டதாக எல்லோரும் நம்பிய பின், உண்மைக் குற்றவாளியைத் தேட வேண்டும் என்ற கோரிக்கைக்கு யார் குரல் கொடுப்பார்?

வேறு விதமாகவும் எழுத முடியும். மும்பை விமான நிலையத்தை ஒட்டிய அன்னவாடி குடிசைப் பகுதியில் மூன்றாண்டுகளுக்கும் மேல் தங்கிப் பழகி, தகவல் அறியும் சட்டத்தின் மூலமும் ஆயிரக்கணக்கான அரசு ஆவணங்களைப் பெற்று, கேத்தரின் பூ 2012-ல் வெளியிட்ட நூல் அதற்கு எடுத்துக்காட்டு. குப்பை பொறுக்கும் சிறுவர்களின் வன்முறைச் சாவுகள் நோயால் நேர்ந்தவையாக ஏட்டில் ஏறியதை ஆவணங்களைக் கொண்டே அவர் காட்டினார். கொலையை மறைக்க முடியாது என்ற கருத்துக்கு அது இன்னொரு மறுப்பு. பழைய தில்லியின் சதர் பஜாரில் தினக்கூலிகளோடு பழகி அமன் சேத்தி 2011-ல் எழுதிய "எ ப்ரீ மேன்" நூலும், போலீஸைக் கண்டு ஒதுங்கியே வாழும் மனிதர்களின் பக்கத்திலிருந்து நகரைக் காட்டுகிறது. இத்தகைய உழைப்புக்கு விலையும் உண்டு. மும்பை நிழலுலகம் பற்றி எழுதிவந்த பத்திரிகையாளர் ஜே. டே 2011 ஜூன் மாதம் பட்டப்பகலில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

செய்ய வேண்டியது என்ன?

2024 ஜூலை 1-ம் தேதி நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா, இணையவழிப் புகாருக்கும், எந்த நிலையத்திலும் புகார் அளிப்பதற்கும் சட்ட ஏற்பு தந்துள்ளது, இது வரவேற்கத்தக்கது. அதே சட்டம், மூன்று ஆண்டுகள் முதல் ஏழு ஆண்டுகளுக்குள் தண்டனைக்குரிய குற்றங்களில், வழக்குப் பதிவதற்கு முன் 14 நாள்கள் வரை முதற்கட்ட விசாரணை நடத்தவும் இடமளிக்கிறது. துணைக் கண்காணிப்பாளர் நிலை அதிகாரியின் அனுமதி வேண்டும் என்ற நிபந்தனை இருந்தாலும், 2013-ல் அரசியல் சாசன அமர்வு அடைத்த கதவை இது ஓரளவு திறந்துவிடுகிறது. செல்வாக்கு உள்ளவரின் புகார் அன்றே பதிவாகவும், ஏழையின் புகார் 14 நாள் காத்திருக்கவும் வழி ஏற்படாமல் பார்த்துக்கொள்வது மேலதிகாரிகளின் பொறுப்பு.

மத்திய அரசு செய்ய வேண்டிய முதல் வேலை, பிரிட்டனில் உள்ளதைப் போன்ற குடும்ப ஆய்வைத் தொடங்குவது. அதைப் போலீஸோ உள்துறையோ நடத்தக் கூடாது. புள்ளியியல் அமைச்சகத்திடம் ஒப்படைக்க வேண்டும். போலீஸ் பதிவு ஏறி, மக்கள் சொல்லும் குற்றம் குறைந்தால் அந்த நகரத்தின் காவல் நன்றாக இயங்குகிறது என்று அறியலாம். பதிவு குறைந்து, மக்கள் சொல்வது ஏறினால் நிலையத்தின் கதவு மூடிக் கிடக்கிறது என்று பொருள். இரு எண்களும் அருகருகே வந்தால்தான் "பாதுகாப்பான நகரம்" என்ற பட்டத்துக்கு மதிப்பு இருக்கும்.

இரண்டாவது, குற்றம் சாட்டப்பட்டவர் விடுதலையாகும் கொடிய வழக்குகளில் என்ன தவறு நடந்தது என்று ஆராய்ந்து, பொறுப்பானவர்களை அடையாளம் காணும் ஏற்பாடு. புலனாய்வுத் தவறால் விடுதலை நேரும்போது, தவறு செய்த அதிகாரிகள் மீது நடவடிக்கை எடுக்க ஒவ்வொரு மாநிலமும் முறை வகுக்க வேண்டும் என்று 2014-லேயே உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. நிதாரியில் அது நடக்குமா என்பதே இப்போதைய கேள்வி.

எழுத்தாளர்களுக்கும் ஊடகங்களுக்கும் பொறுப்பு உண்டு. முதல் நாள் போலீஸ் தரும் தகவலோடு நின்றுவிடாமல், தீர்ப்பு வரை வழக்கைத் தொடர்வதும், தீர்ப்பையும் படித்து எழுதுவதும் அந்தப் பொறுப்பில் அடங்கும். கைதுச் செய்திக்குக் கிடைத்த இடம் விடுதலைச் செய்திக்கும் கிடைக்க வேண்டும்.

நிதாரியில் பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்களில் சிலர் இன்னும் அந்தப் பகுதியிலேயே வசிக்கின்றனர். 2005-ல் அவர்கள் காவல் நிலையத்தில் கேட்டது, என் குழந்தை எங்கே என்று. இப்போது அவர்கள் கேட்பது, விடுவிக்கப்பட்டவர்கள் கொல்லவில்லை என்றால் கொன்றது யார் என்று. இரு கேள்விகளுக்கும் பதில் சொல்லும் கடமை அரசுக்கு இருக்கிறது. அடுத்த ஆண்டு வெளிவரும் அட்டவணையில் எந்த நகரம் முதலிடம், எந்த நகரம் கடைசி என்று தேடுமுன், அவர்களுடைய புகார் எந்த ஆண்டின் எந்தக் கட்டத்தில் எண்ணப்பட்டிருக்கிறது என்று கேட்பது பயனுள்ளதாக இருக்கும்.